மூன்று படங்களில் ஹீ போங்: கொரியாவின் ஒரு துணை நடிகர்

கொரிய இயக்குநர் போங் ஜூன் ஹோவின் படங்களை வரிசையாகப் பார்க்கிறவர்கள் ஏதாவது ஒரு கட்டத்தில் இதைக் கவனித்துவிடுவார்கள். 'மெமரீஸ் ஆஃப் மர்டர்' படத்தில் கொலை வழக்கைக் கையில் வைத்துக்கொண்டு திண்டாடும் காவல் அதிகாரியின் பெயர் ஹீ போங். 'தி ஹோஸ்ட்' படத்தில் ஹான் ஆற்றங்கரையில் பெட்டிக்கடை நடத்தும் அப்பாவும் ஹீ போங். 'ஓக்ஜா'வில் மலைமேல் பேத்தியையும் ஒரு ராட்சதப் பன்றியையும் வளர்க்கும் தாத்தாவும் ஹீ போங்தான். மூன்றிலும் நடித்தவர் ஒருவரே: பியோன் ஹீ போங். இதற்கெல்லாம் முன்னால், இயக்குநரின் முதல் படத்தில் அவர் காவலாளியாக வந்தபோது, அந்தக் காவலாளிக்கு 'பியோன்' என்று அவருடைய குடும்பப் பெயரையே வைத்துவிட்டார்கள். எழுதும்போதே ஒரு முகம் மனதில் நின்றால்தான் இப்படிப் பெயர் வைக்கத் தோன்றும்.

'பாரசைட்' ஆஸ்கர் வாங்கிய பிறகு எல்லோரும் அதில் நடித்த சோங் காங் ஹோவைப் பற்றி எழுதினோம், சரிதான், அவர் அதற்குத் தகுதியானவர். ஆனால் போங் ஜூன் ஹோவின் ஆரம்பகாலப் படங்களில் சிரிப்பையும் கிலியையும் ஒரே மூச்சில் கொண்டுவரும் அந்தத் தொனி எங்கிருந்து வந்தது என்று பார்த்தால், அதில் பெரும் பங்கு இந்தக் கிழவருடையது என்பது என் கருத்து. அவர் வெறுங்கையோடு அங்கே வந்து சேரவில்லை. முப்பது வருடம் தொலைக்காட்சியில் திருடனாகவும் உளவாளியாகவும் சூழ்ச்சிக்காரனாகவும் நடித்துவிட்டு, அந்த மொத்தச் சரக்கையும் சுமந்துகொண்டுதான் வந்தார்.

1942 ஜூன் 8ஆம் தேதி, கொரியா இன்னும் ஜப்பானியரின் கையில் இருந்த காலத்தில், தெற்கு ஜொல்லா மாகாணத்தின் ஜாங்சோங்கில் பிறந்தார். இயற்பெயர் பியோன் இன் சோல். இந்த ஜொல்லா விஷயத்தைக் கொஞ்சம் விளக்க வேண்டும். கொரியாவின் தென்மேற்கு மூலை அது. நெல் விளையும் நல்ல பூமி, சாப்பாட்டுக்குப் பேர்போன இடம். ஆனால் 1960களிலும் 70களிலும் அதிபர் பார்க் சுங் ஹீயின் ஆட்சியில் தொழிற்சாலைகளும் பணமும் பெரும்பாலும் தென்கிழக்குப் பக்கம் போயின, ஜொல்லாவிலிருந்து ஆட்கள் கூட்டம் கூட்டமாகப் பிழைப்பு தேடித் தலைநகர் சியோலுக்குப் போனார்கள். சினிமாவிலும் டிவியிலும் ஜொல்லா பேச்சு வழக்கு யாருக்குப் போனது தெரியுமா? ரவுடிக்கு, வேலைக்காரிக்கு, ஊரை ஏமாற்றுகிறவனுக்கு. கதாநாயகன் தலைநகரத்துக் கொரிய மொழி பேசுவான், அவனிடம் அடி வாங்குகிறவன் ஜொல்லா வழக்கில் கத்துவான். இந்த ஓரவஞ்சனை பற்றி கொரியர்களே பின்னாளில் நிறையப் பேசியிருக்கிறார்கள். அந்த மண்ணிலிருந்து வந்த ஒரு நடிகருக்கு என்ன மாதிரி வேடங்கள் காத்திருந்தன என்பதைப் புரிந்துகொள்ள இதைத் தெரிந்துவைத்திருப்பது நல்லது.

1966இல் எம்பிசி என்ற ஒளிபரப்பு நிறுவனத்தின் தேர்வில் தேறி, குரல் நடிகராக உள்ளே போனார். அந்தக் காலத்து கொரியாவில் நடிகர் ஆவதற்கான வழி இதுதான். ஒளிபரப்பு நிறுவனங்கள் அரசு வேலைக்கு ஆள் எடுப்பது போலத் தேர்வு வைத்து, முதல் அணி, இரண்டாம் அணி என்று அணி அணியாக ஆள் எடுக்கும். இவர் குரல் நடிகர்களில் இரண்டாம் அணி. எம்பிசி தொலைக்காட்சி 1969இல்தான் வந்தது, ஆகவே இவர் சேர்ந்தபோது அது முழுக்க வானொலி. இன்று நாம் கொரியத் தொடர்களில் பாட்டியாகப் பார்க்கும் நா முன் ஹீ, கிம் யோங் ஓக் போன்றவர்களும் குரல் நடிப்பிலிருந்து வந்தவர்கள்தான். மைக் முன்னால் நிற்கிறவனுக்கு முகம் கிடையாது, உடை கிடையாது, கை கால் ஆட்டுவதில் பிரயோஜனம் கிடையாது. எங்கே மூச்சை இழுப்பது, எங்கே ஒரு சொல்லை நீட்டிவிட்டுச் சட்டென்று வெட்டுவது, எங்கே சும்மா இருப்பது, இவ்வளவுதான் கையில் இருக்கும். பியோன் ஹீ போங்கின் நடிப்பைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள், இந்தப் பயிற்சி கடைசிவரை அவரை விட்டுப் போகவில்லை என்பது தெரியும்.

அப்புறம் டிவி வந்தது, முகம் தேவைப்பட்டது. அவருடைய முகம் கதாநாயக முகம் இல்லை. ஒட்டிய கன்னம், கூர்ந்து பார்க்கும் கண், சிரித்தால் எதையோ மறைக்கிறான் என்று நினைக்கத் தோன்றும் வாய். 1971இல் எம்பிசியில் 'சூசா பான்ஜாங்' என்ற துப்பறியும் தொடர் ஆரம்பமானது. சோ புல் ஆம் தலைமைத் துப்பறிவாளர். உண்மையில் நடந்த குற்றங்களை வைத்து எழுதப்பட்ட தொடர், 1989 வரை 880 பகுதிகள் ஓடியது, ஒரு தலைமுறையே அதைப் பார்த்துத்தான் வளர்ந்தது. வாரா வாரம் துப்பறிவாளர்கள் அதே ஆட்கள், குற்றவாளி மட்டும் புதிதாக வர வேண்டும். இந்த இடத்தில் பியோனுக்கு நிறைய வேலை கிடைத்தது. அதே காலத்தில் '113 சூசா போன்பு' என்று இன்னொரு தொடர், வட கொரிய உளவாளிகளைப் பிடிக்கும் கதை. 113 என்பது அப்போது உளவாளி யாரையாவது பார்த்தால் தகவல் கொடுக்க வேண்டிய தொலைபேசி எண். கம்யூனிச எதிர்ப்பைப் பள்ளிக்கூடத்திலிருந்து டிவி வரை ஊட்டிய காலம், அந்தத் தொடருக்கு உளவாளி வேண்டும், அதற்கும் இந்த முகம் பொருந்தியது.

இப்படி வருடக்கணக்காகக் கெட்டவனாக நடிப்பதில் ஒரு சங்கடம் இருக்கிறது. பார்க்கிறவர்களுக்கு முகம் தெரியும், பெயர் தெரியாது. அதே சமயம் ஒரு நன்மையும் உண்டு. ஒவ்வொரு வாரமும் ஒரு புது மனிதன், ஒரு புதுப் பயம், ஒரு புதுப் பேராசை. கதாநாயகன் பதினைந்து வருடம் ஒரே ஆளாக நிற்கும்போது, இவர் பிக்பாக்கெட்டிலிருந்து கொலைகாரன் வரை மாற்றி மாற்றி நடித்துக்கொண்டிருந்தார்.

பெயர் தெரியவந்தது 1984-85இல். எம்பிசி 'ஜோசன் அரச வம்சம் 500 ஆண்டுகள்' என்ற பெரிய வரலாற்று வரிசையை எடுத்துக்கொண்டிருந்தது, இயக்கியவர் பிற்காலத்தில் 'டே ஜாங் கும்' எடுத்த லீ பியோங் ஹூன். அந்த வரிசையில் வந்த 'சோல்ஜுங்மே' பகுதியில் பியோனுக்கு யூ ஜா குவாங் வேடம். யூ ஜா குவாங் வரலாற்றில் உண்மையாகவே வாழ்ந்தவர். பிரபு குலத்துத் தந்தைக்கு முறையில்லாத உறவில் பிறந்தவர், அந்தப் பிறப்பு காரணமாகவே மேலே வர வழியில்லாதவர், ஆனாலும் 1468இல் நாம் யி என்ற தளபதிமேல் துரோகக் குற்றம் சுமத்தி வளர்ந்தார், 1498இல் அறிஞர்களை வேட்டையாடிய படுகொலைக்கும் தூண்டுகோலாக இருந்தார். கொரிய வரலாற்றின் பெரிய வில்லன்களில் ஒருவர். ஊர் நாம்வோன், அதுவும் ஜொல்லாதான். கையை நீட்டி, இதோ எல்லாம் இந்தக் கைக்குள் இருக்கிறது என்று பியோன் சொல்லும் வசனம் நாடு முழுவதும் பரவி, தெருவில் போகிறவர்கள்கூடச் சொல்ல ஆரம்பித்தார்கள். நாற்பது வயதைத் தாண்டிய பிறகு கிடைத்த முதல் பெரிய பெயர் அது.

ஆனால் அந்தப் பெயர் அவரைக் கடைசிவரை காப்பாற்றவில்லை. காரணம் புரிய வேண்டுமென்றால் கொரியத் தொலைக்காட்சியின் சம்பள முறை தெரிய வேண்டும். நடிகர்களுக்கு அங்கே தரவரிசை உண்டு. வயதுவந்த நடிகர்களுக்கு 6இல் ஆரம்பித்து 18 வரை. அனுபவம் ஏற ஏறத் தரம் ஏறும், தரம் ஏறினால் சம்பளம் ஏறும். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. நல்ல காலத்தில் மூத்த நடிகருக்கு அது மரியாதை, கெட்ட காலத்தில் அதுவே வினை. 1997 நவம்பரில் கொரியா கடன் நெருக்கடியில் சர்வதேச நாணய நிதியத்திடம் கையேந்தியது. விளம்பர வருமானம் சரிந்தது, தொடர்கள் குறைந்தன, எஞ்சிய தொடர்களிலும் செலவைக் குறைக்க வேண்டும் என்றால் முதலில் கண்ணில் படுவது தரம் கூடிய, சம்பளம் கூடிய, கதைக்கு அவசியமில்லாத தாத்தா பாட்டி வேடங்கள்தான். அப்பா அம்மா இல்லாத வீடுகள் கொரியத் தொடர்களில் திடீரென்று பெருகுவதற்கு இது ஒரு காரணம். பியோனுக்கு அப்போது ஐம்பத்தைந்து வயதுக்குமேல், வேலை வற்றிவிட்டது, நடிப்பை விட்டுவிட்டு ஊர்ப்பக்கம் போய்விடலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தார்.

அந்த நேரத்தில்தான் முப்பது வயது இயக்குநர் ஒருவர் வந்து நின்றார், ஒரு படம்கூட வெளிவராதவர். போங் ஜூன் ஹோ 1969இல் பிறந்தவர், டிவி பார்த்தே வளர்ந்த பிள்ளை. நாடு மறந்துபோன அந்தத் திருடன்களையும் உளவாளிகளையும் அவர் மறக்கவில்லை. எந்தத் தொடரில் எந்த வேடம் என்று பியோனுக்கே நினைவில்லாததை எல்லாம் எடுத்துச் சொல்லி, பேசிப் பேசி அவரைச் சம்மதிக்க வைத்தார். எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம் இது. ஒரு துணை நடிகர் வாரா வாரம் சம்பளத்துக்காகச் செய்துவிட்டு மறந்துபோன வேலையை, எங்கோ ஒரு வீட்டில் ஒரு பையன் உட்கார்ந்து அத்தனை கவனமாகப் பார்த்திருக்கிறான்.

அந்தப் படம்தான் 2000இல் வந்த 'பார்க்கிங் டாக்ஸ் நெவர் பைட்'. ஓடவில்லை. அடுக்குமாடிக் குடியிருப்பில் நாய்கள் காணாமல் போகும் கதை. பியோன் அந்தக் குடியிருப்பின் காவலாளி, யாருக்கும் தெரியாமல் கீழ்த்தளத்தில் நாய்க்கறி சமைத்துச் சாப்பிடுகிறவர். ஒரு காட்சியில் சமையலுக்கு நடுவே வேறொருவர் வந்துவிடுகிறார், கதாநாயகன் அதே அறையில் ஒளிந்துகொண்டிருக்கிறான், பேச்சை மாற்ற வேண்டிய கட்டாயத்தில் காவலாளி ஒரு கதை சொல்ல ஆரம்பிக்கிறார். 1988 ஒலிம்பிக்கை ஒட்டிக் கட்டடங்கள் அவசர அவசரமாக எழும்பிய காலத்தில் இந்தக் கட்டடத்தின் கொதிகலன் சரியாக ஓடவில்லை, ஜொல்லாவிலிருந்து கொதிகலன் கிம் என்ற கில்லாடி மெக்கானிக்கை வரவழைத்தார்கள், அவன் பழுதைக் கண்டுபிடித்ததோடு நிற்காமல் கட்டுமானத்தில் பணம் அடித்ததையும் கண்டுபிடித்துவிட்டான், தகராறில் செத்தான், சுவருக்குள் வைத்துப் பூசிவிட்டார்கள். இவ்வளவுதான் கதை. ஆனால் மங்கலான வெளிச்சத்தில், நிமிடக்கணக்காக, ஜொல்லா வழக்கில் அவர் அதைச் சொல்கிற விதம் இருக்கிறதே! கொதிகலன் சுற்றுகிற சத்தத்தை வாயாலேயே கொண்டுவருகிறார். முதலில் சிரிப்பு வருகிறது, நடுவில் எப்போது பயம் வந்தது என்று தெரியாமலே பயந்து உட்கார்ந்திருக்கிறோம். பழைய வானொலி நாடகக்காரர் முழுசாக வெளியே வருவது அங்கேதான். இருபது வருடத்துக்கு முன்னால் அடி வாங்குகிறவனுக்குக் கொடுத்த அதே ஜொல்லா பேச்சு, இங்கே படத்தின் உயிரான காட்சியைத் தூக்கி நிறுத்துகிறது. 'பாரசைட்' படத்தில் பணக்கார வீட்டின் அடியில் ஒரு மனிதன் வாழ்வதைப் பார்த்து உலகமே அதிர்ந்தது. அந்தக் கீழ்த்தளத்துக்கு முதல் படிக்கட்டு இந்தக் காவலாளியின் அறையிலேயே இருக்கிறது என்றுதான் நான் நினைக்கிறேன்.

2003இல் 'மெமரீஸ் ஆஃப் மர்டர்'. 1986இலிருந்து 1991 வரை ஹ்வாசோங் பகுதியில் நடந்த தொடர் கொலைகள் பற்றிய படம். பியோன் அதில் துப்பறிவாளர்களின் தலைவர். அந்தப் படத்தில் ஒரு காட்சி, போலீஸ்காரர்களும் அவர்கள் அடித்து உதைத்த சந்தேக நபரும் ஒன்றாக உட்கார்ந்து, கருப்புச் சாந்து ஊற்றிய ஜாஜாங்மியோன் நூடுல்ஸைச் சாப்பிட்டுக்கொண்டே டிவி பார்க்கிறார்கள். டிவியில் ஓடுவது 'சூசா பான்ஜாங்'. திரையில் அந்தத் தொடரின் இசை வந்ததும் எல்லோரும் குஷியாகிவிடுகிறார்கள். அந்தத் தொடரில் வருடக்கணக்கில் குற்றவாளியாக வந்தவரைத்தான் இந்தப் படத்தில் இவர்களுக்கு மேலதிகாரியாகப் போட்டிருக்கிறார் இயக்குநர். கொரியப் பார்வையாளர்கள் இதைப் பார்த்ததும் பிடித்திருப்பார்கள், நாம் கொஞ்சம் விளக்கம் கேட்டுத்தான் பிடிக்க வேண்டியிருக்கிறது. பாதிப் படத்தில் இவரை வேலையிலிருந்து தூக்கிவிட்டு வேறொரு அதிகாரி வருகிறார், சோங் ஜே ஹோ நடித்தது. கவனித்துப் பாருங்கள், அதற்குமேல் படம் இறுகிக்கொண்டே போகிறது. அசட்டுத்தனத்தையும் அரவணைப்பையும் சேர்த்துக் கொடுத்துக்கொண்டிருந்த ஆள் போய்விட்டார்.

2006இல் வந்த 'தி ஹோஸ்ட்' ஒரு கோடியே முப்பது லட்சம் டிக்கெட் விற்றது. பெட்டிக்கடை, மூன்று பிள்ளைகள், ஒரு பேத்தி. மூத்த மகன் காங் டூவாக சோங் காங் ஹோ, கடையிலேயே தூங்கிவழிகிறவன், வாடிக்கையாளருக்குச் சுட்ட கணவாய் மீனின் ஒரு காலைத் தானே தின்றுவிட்டு அப்பாவிடம் மாட்டிக்கொள்கிறவன். ஆற்றிலிருந்து வந்த மிருகம் பேத்தியைத் தூக்கிக்கொண்டு போன பிறகு, ஓர் இரவு மழையில் கடைக்குள் உட்கார்ந்து அப்பா மற்ற இரண்டு பிள்ளைகளிடம் பேசுகிறார். உங்கள் அண்ணன் சின்ன வயதில் கெட்டிக்காரன், நான் வீட்டில் இல்லாமல் சுற்றிக்கொண்டிருந்தேன், அவன் சாப்பாட்டுக்கு வழியில்லாமல் வயல்களில் திருடித் தின்றான், வளரும் வயதில் சத்து போதாமல்தான் இப்படி ஆகிவிட்டான், அவனைத் திட்டாதீர்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவனின் நெஞ்சு அழுகுகிற வாடையை முகர்ந்திருக்கிறீர்களா, அது எத்தனையோ தூரம் வீசும் என்கிறார். சொல்லி முடித்துத் திரும்பிப் பார்த்தால் கேட்டுக்கொண்டிருந்த இரண்டும் தூங்கிவிட்டன. சிரிப்பும் வருகிறது, தொண்டையும் அடைக்கிறது. மறு நிமிடம் மிருகம் வருகிறது. வெளியே துரத்திக்கொண்டு ஓடுகிறார்கள். இன்னும் ஒரு தோட்டா இருக்கிறது என்று காங் டூ தன் துப்பாக்கியைக் கொடுக்கிறான், அவன் கணக்கு தப்பு. அப்பா குறிபார்த்து விசையை அழுத்துகிறார், வெறும் சத்தம்தான் வருகிறது. அப்போது அவர் மிருகத்தைப் பார்ப்பதில்லை. பிள்ளைகள் பக்கம் திரும்பி, போங்கள் என்று கையை அசைக்கிறார். அந்தக் கை அசைவில் கோபம் இல்லை, மூத்தவன்மேல் குறைகூட இல்லை, கடையைப் பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டுப் போகிற ஆளின் அலுப்பான கை அது. அந்த வருடம் ப்ளூ டிராகன் என்ற கொரிய சினிமா விருது விழாவில் சிறந்த துணை நடிகர் விருது அவருக்கு. அறுபத்து நான்கு வயது.

இதற்கிடையே மற்றவர்களும் அவரைத் தேட ஆரம்பித்திருந்தார்கள். 2005இல் ரியூ சுங் வானின் 'கிரையிங் ஃபிஸ்ட்' படத்தில் சிறைக்குள் பையன்களுக்குக் குத்துச்சண்டை கற்றுக்கொடுக்கும் பயிற்சியாளர், அதிகம் பேசாத வேடம். 2008இல் 'தி கேம்' படத்தில் நாயகன் ஷின் ஹா கியூனுக்குச் சரிசமமான வேடம்: சாகக் கிடக்கும் பணக்காரக் கிழவர் ஓர் இளைஞனிடம் பந்தயம் வைத்து ஜெயித்து அவன் உடலையே எடுத்துக்கொள்கிறார், அதற்குப் பிறகு பியோன் நடிப்பது கிழவரின் உடம்புக்குள் மாட்டிக்கொண்ட இளைஞனாக. படம் ரொம்பச் சுமார், ஆனால் அறுபத்தைந்து வயதில் இப்படி ஒரு சவாலை யார் கொடுப்பார்கள்? டிவியும் திரும்பக் கூப்பிட்டது. 2010இல் 'மை கேர்ள்ஃபிரண்ட் இஸ் எ குமிஹோ'வில் தாத்தா. 2014இல் 'பினோக்கியோ'வில் தீவில் வாழும் கிழவர், கடலில் மீட்ட சிறுவனைச் செத்துப்போன தன் மகன் என்றே நம்பி வளர்க்கிறவர். கே டிராமா பார்க்கும் நம்மூர் ரசிகர்களில் பலருக்கு அவர் முதலில் அறிமுகமானது இந்தத் தாத்தாக்கள் வழியாகத்தான் இருக்கும்.

2017இல் 'ஓக்ஜா' கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போனது, அவரும் போனார். எழுபத்தைந்தை நெருங்கிய வயதில் முதல் கான். நிருபர்களிடம் பேசும்போது சாய்ந்துபோன பட்டமரத்தில் பூ பூத்த மாதிரி இருக்கிறது என்றார், சாகும் நாள்வரை நடிப்பேன் என்றும் சொன்னார். அடுத்த வருடம் 'மிஸ்டர் சன்ஷைன்' தொடருக்காகக் கூப்பிட்டபோது, அதற்கு முன்னால் உடம்பை ஒருமுறை பார்த்துக்கொள்ளலாம் என்று மருத்துவமனைக்குப் போன இடத்தில் கணையப் புற்றுநோய் இருப்பது தெரிந்தது. சிகிச்சை எடுத்துக்கொண்டு திரும்பி வந்து மறுபடியும் நடித்தார், 2019இல்கூடப் படமும் தொடரும் செய்தார். 2020இல் கொரிய அரசு கலாசாரத்துக்கான வெள்ளி மகுட விருதைக் கொடுத்தது. நோய் திரும்பியது. 2023 செப்டம்பர் 18 அன்று எண்பத்தோராவது வயதில் காலமானார்.

இனிமேல்தான் அவரைப் பார்க்கப்போகிறீர்கள் என்றால் 'ஓக்ஜா'விலிருந்து ஆரம்பிக்காதீர்கள், அதில் அவருக்கு வேலை குறைவு, பேத்தியின் கையில் தங்கப் பன்றியைக் கொடுக்கும் காட்சி ஒன்றுதான் மனதில் நிற்கும். 'தி ஹோஸ்ட்' ஏற்கெனவே பார்த்திருப்பீர்கள். 'பார்க்கிங் டாக்ஸ் நெவர் பைட்' எங்கே கிடைக்கிறது என்று தேடிப் பிடியுங்கள், சப்டைட்டில் போட்டுப் பார்த்துவிட்டு, கொதிகலன் கிம் கதை வரும் இடத்தை மட்டும் இன்னொரு தடவை சப்டைட்டில் இல்லாமல் ஓட விடுங்கள். ஒரு சொல் புரியாது, ஆனாலும் எங்கே சிரிக்க வேண்டும், எங்கே பயப்பட வேண்டும் என்று அந்தக் குரலே சொல்லிவிடும்.